மலைநாட்டில் ஒரு விமான நிலையம்: பாக்யோங் தரும் பாடம்

பூவிருந்தவல்லி, ஆவடி, அம்பத்தூர் வட்டாரங்களில் வாழ்வோருக்கு ஆகாய விமானம் புதுமையான பொருளன்று. மீனம்பாக்கத்தில் ஏறி இறங்கும் விமானங்களை நாம் நாள்தோறும் காண்கிறோம். ஆனால் ரயில் எட்டாத மலைநாடொன்றில் சிறு விமான நிலையம் ஒன்று எதற்காக அமைந்தது, அதனால் மக்கள் அடைந்த நன்மை யாது, எய்திய இடர் யாது என்பவற்றை அறிவது ஊராட்சிப் பணியாளர்க்குப் பயன் தரும். சிக்கிம் மாநிலத்தின் பாக்யோங் விமான நிலையத்தை இதற்கு எடுத்துக்காட்டாகக் கொள்வோம்.

தேவை

சிக்கிம் 1975-ஆம் ஆண்டில் இந்தியாவின் மாநிலமாயிற்று. அதன் தலைநகரான காங்டாக்கிற்கு விமானத்தில் செல்ல விரும்பியவர்கள் நெடுங்காலம் மேற்கு வங்கத்துப் பாக்டோக்ராவில் இறங்கி, ஏறத்தாழ 125 கிலோமீட்டர் மலைச் சாலையில் நான்கைந்து மணி நேரம் பயணம் செய்யவேண்டியிருந்தது. டீஸ்டா ஆற்றை ஒட்டிச் செல்லும் அச்சாலை, மழைக்காலத்தில் மண் சரிந்து அடிக்கடி அடைபடுவது வழக்கம். 2023 அக்டோபரில் தெற்கு லோனாக் பனி ஏரி உடைத்துப் பெருகிய வெள்ளம், சுங்தாங்கிலிருந்த அணையைத் தகர்த்ததோடு இச்சாலையையும் பல இடங்களில் அரித்துச் சென்றது. சாலை அடைபட்டால் நோயாளி, மாணவர், வியாபாரி ஆகிய அனைவரும் தவிப்பர். ஆதலின் வான்வழி வேண்டுமென்று அம்மக்கள் விரும்பியதை ஆடம்பரம் எனக் கருதலாகாது.

கட்டிய முறை

2009-இல் அடிக்கல் நாட்டப்பெற்ற இந்நிலையம், 2018 செப்டம்பர் 24 அன்று திறக்கப்பட்டது. பரப்பு சுமார் 200 ஏக்கர்; உயரம் கடல் மட்டத்திற்கு மேல் ஏறத்தாழ 4,500 அடி; செலவு சுமார் 600 கோடி ரூபாய். மலையில் சமதளம் கிடைப்பது அரிது. எனவே மேட்டை வெட்டிப் பள்ளத்தை நிரப்பி, 1,700 மீட்டர் நீளமுள்ள ஓடுபாதையை உண்டாக்கினர். நிரப்பிய மண் சரியாதிருக்க, அதைப் படலம் படலமாக இட்டு இறுக்கி, இடையிடையே உறுதியான செயற்கை இழை வலைகளைப் பரப்பி, சுமார் 80 மீட்டர் உயரத்திற்குத் தாங்கு சுவர் எழுப்பினர்.

செம்பரம்பாக்கம் ஏரிக்கரையைக் கண்டவர்க்கு இதன் தத்துவம் எளிதில் விளங்கும். கரை எத்துணை வலிதாயினும், மிகை நீர் வெளியேற வழி இல்லையேல் அது நில்லாது. மலைச் சரிவில் கட்டிய சுவரும் அத்தகையதே. மண்ணுள் ஊறும் நீர் வடிந்தால்தான் அது நிலைக்கும். சமவெளி விமான நிலையமும் நீருக்கு விலக்கானதன்று. 2015 டிசம்பரில் அடையாறு பெருகி, சென்னை விமான நிலையம் சில நாட்கள் மூடப்பட்டதை நம் பகுதியினர் நன்கு அறிவர்.

இடம் கொடுத்தோர்

பாக்யோங்கில் வேலை தொடங்கியபின், சுற்றுப்புற ஊரார் இழப்பீடும் மறுவாழ்வும் கோரிப் போராடினர். அதனால் பணி சில காலம் தடைப்பட்டது. ஊர் முழுவதற்கும் பயன் தரும் திட்டத்தின் சுமை, நிலம் இழந்த சிலர் தலையில் மட்டும் விழுதல் முறையாகாது. அவர்களோடு தொடக்கத்திலேயே கலந்து பேசி, உரியதை உரிய காலத்தில் அளித்தல் நீதிக்கும் பொருந்தும். வேலை விரைந்து முடிவதற்கும் துணை செய்யும்.

சேவை

2018 அக்டோபர் 4-இல் கல்கத்தாவிலிருந்து பயணிகள் சேவை தொடங்கிற்று. சிற்றூர்களை வான்வழியால் இணைக்கும் ‘உடான்’ திட்டத்தின்படி, விமானக் கம்பெனிக்கு நேரும் இழப்பின் ஒரு பகுதியை அரசு ஈடு செய்தது. ஆயினும் மூடுபனியும் மழைமேகமும் ஓடுபாதையை அடிக்கடி மறைத்தன. பார்வை தெளிவாக இல்லாதபோதும் விமானத்தை வழிகாட்டி இறக்கும் கருவி வசதி, பெரிய நிலையங்களிற்போல அங்கு அமைந்திருக்கவில்லை. 2019 ஜூனில் சேவை நின்றது. 2021 ஜனவரியில் மீண்டும் தொடங்கிற்று. பின்னரும் இடையிடையே தடைப்பட்டது. சாலை அடைபடும் மழைக்காலத்திலேயே விமானமும் வர இயலாது போவது எண்ணிப் பார்க்கத்தக்கது.

இதனோடு நேபாளத்து லுக்லாவை ஒப்பிடலாம். எவரெஸ்ட் சிகரத்தை எட்டிய எட்மண்ட் ஹில்லாரி, பள்ளி, மருத்துவமனை ஆகியவற்றிற்கான பொருள்களைக் கொண்டுசெல்ல, ஷெர்பா மக்களின் உழைப்பைக்கொண்டு 1964-இல் அங்கு ஒரு சிறு விமானத் தளம் அமைத்தார். ஓடுபாதையின் நீளம் 527 மீட்டரே. அது மேல்நோக்கிச் சரிந்திருப்பதால், இறங்கும் விமானத்தின் வேகம் தானே தணிகிறது. வானம் தெளிந்துள்ள காலை வேளையிலேயே பெரும்பாலான சிறு விமானங்கள் வந்து திரும்புகின்றன. அங்கும் வானிலையால் தடையும் விபத்தும் நேர்ந்ததுண்டு. எனினும் விமானத்தின் அளவும் வருகை நேரமும் இடத்தின் இயல்புக்கு ஏற்ப அமைந்தமையால், அத்தளம் மலைமக்களின் அன்றாட வாழ்வோடு ஒன்றிவிட்டது.

நமக்குரிய பாடம்

நம் ஒன்றியங்களில் விமான நிலையம் கட்டுவார் இலர். ஆயினும் மேல்நிலைத் தொட்டி, இணைப்புச் சாலை, நூலகம், சமுதாயக் கூடம் எனப் பல கட்டுகிறோம். தொட்டி எழும்பியபின் மோட்டார் பழுதானால் குடத்துடன் நிற்பவள் தாய்தான். திறப்பு விழாவோடு திட்டம் முடிவதில்லை. ஆகவே எந்த வேலைக்கும் மதிப்பீடு எழுதுமுன், கிராம சபையில் பின்வரும் வினாக்களைக் கலந்து பேசி, விடைகளைத் தீர்மானப் புத்தகத்தில் பதிவு செய்தல் நலம்.

1. மிகுதியாகத் தேவைப்படும் காலத்தில் இது பயன்படுமா? ஐப்பசி, கார்த்திகை மழையில் இதன் நிலை என்ன?

2. நீர் வடியும் வழி யாது? எந்த வாய்க்கால் அல்லது ஓடை இதனால் அடைபடும்?

3. இடமோ வருவாயோ இழப்பவர் யார்? அவருக்கு என்ன, எப்போது அளிக்கப்படும்?

4. கட்டி முடித்தபின் நாள்தோறும் இதை நடத்துபவர் யார்? பழுது பார்க்கும் செலவு எந்தக் கணக்கில் வரும்?

நான்காம் வினாவிற்கு விடை கிடைக்கும்வரை வேலையைத் தொடங்காதிருப்பதே சிக்கனமாகும்.