ஓவியத்தின் ஓரத்தில் ஒரு பெயர்

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி., தாவரவியல்)

சாரல் காலத்தில் குற்றாலம் வருவோர் பலர். அருவியில் குளித்து மகிழ்ந்து திரும்புவோரே அவர்களுள் மிகுதி. ஆனால் இம்மலையின் செடிகொடிகளைக் காண்பதற்கென்றே 1830களில் ஒருவர் வந்தார். அவர்தான் இராபர்ட் வைட் (1796–1872) என்னும் ஸ்காட்லாந்து மருத்துவர். பாளையங்கோட்டையில் படை மருத்துவராக இருந்தபோது இங்கு வந்து செடிகளைத் தொகுத்தார். குற்றாலத் தாவரங்களைப் பற்றிக் கட்டுரையும் எழுதினார்.

தாவரவியல் பயிலும் நாம் வைட்டின் பெயரை அறிவோம். அவருக்குப் படம் வரைந்து கொடுத்தவர்களை நம்மில் எத்தனை பேர் அறிவோம்? சென்ற ஆண்டுவரை நானும் அறியேன்.

ரங்கையா, கோவிந்து என்பன அவ்விரு தென்னிந்திய ஓவியர்களின் பெயர்கள். ரங்கையா ஏறத்தாழ இருபது ஆண்டுகள், 1845 வரை வைட்டுக்காக வரைந்தார். அவருக்குப்பின் கோவிந்து அப்பணியைத் தொடர்ந்தார். 1838 முதல் 1853 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்த வைட்டின் 'ஐகோன்ஸ்' என்னும் நூலில் மட்டும் 2,100க்கும் மேற்பட்ட படங்கள் உள்ளன. அவற்றுள் மிகப் பல இவ்விருவர் கைவண்ணமே.

செடியை உலர்த்தி வைத்தால் போதாதா, படம் எதற்கு என்று கேட்கலாம். உலர்ந்த செடியில் நிறம் மங்கிவிடும், இதழ்கள் நசுங்கிவிடும். ஓவியரோ பூ வாடுமுன் கிளையை முழுமையாக வரைவார். பின்பு பூவைப் பிரித்து மகரந்தத்தாள், சூல்பை ஆகியவற்றைப் பெரிதாக்கித் தனித்தனியே காட்டுவார். அப்படத்தை எண்ணெய்ப் பசையுள்ள மையால் கல்லில் ஏற்றுவார்கள். ஈரமான கல்லில் அச்சு மை பசையுள்ள கோட்டில் மட்டுமே ஒட்டும். இதுவே கல்லச்சு முறை.

எங்கள் ஆசிரியர் அந்நூலின் பக்கங்களைக் கணினியில் காட்டினார். படத்தின் கீழ் ஓரத்தில் மிகச் சிறிய எழுத்தில், வரைந்தவர் ரங்கையா என்று பொருள்படும் குறிப்பு இருந்தது. அந்தச் சிறு பெயர் என்னை உலுக்கிவிட்டது. ஏன் என்று சொல்கிறேன்.

எங்கள் குடும்பத்தில் கல்லூரிப் படி மிதித்த முதல் ஆள் நான். சேர்க்கைப் படிவத்தில் என் தந்தை கைநாட்டு வைத்தபோது தலைகுனிந்து நின்றேன். வகுப்பில் ஆங்கிலத்தில் விளக்கம் எழுதத் தடுமாறுவேன். ரெக்கார்டு நோட்டில் படம் வரைவது ஒன்றுதான் எனக்குக் கைவந்தது. அதை ஒரு தகுதியாகவே நான் எண்ணியதில்லை.

ஒருநாள் நான் வரைந்த செங்காந்தள் படத்தைத் தந்தை பார்த்தார். கீழே எழுதியிருந்த இலத்தீன் பெயர் அவருக்கு வெறும் கோடுகள். ஆனால் பார்த்த மாத்திரத்தில், "ஏலே, இது கலப்பக்கெழங்குல்லா! எல நுனி சுருண்டு கொம்பப் பிடிக்கத கூட விடாம போட்டிருக்கியே," என்றார். செங்காந்தளின் இலைநுனி பற்றுக்கம்பியாக மாறும் என்பது எங்கள் பாடம். அவர் படிக்காமலே அதை அறிந்திருந்தார். அன்று தலைகுனிய வேண்டியவன் நான்தான் என்று உணர்ந்தேன்.

எழுத்தறியாதவருக்கும் அயல்மொழியாருக்கும் ஒரே செய்தியைச் சொல்வது உண்மையான படம். ரங்கையா, கோவிந்து ஆகியோரின் ஓவியங்கள் இன்றும் எடின்பரோவில் உள்ள அரச தாவரவியல் தோட்டத்தில் பாதுகாக்கப்படுகின்றன. கோவிந்துவைப் பாராட்டும் வகையில் வைட் 1853இல் ஓர் ஆர்க்கிட் பேரினத்திற்குக் 'கோவிந்தூயா' எனப் பெயரிட்டார். அப்பேரினம் பின்னர் 'ட்ரோபிடியா'வுடன் இணைக்கப்பட்டுவிட்டது. பெயர் மறைந்தாலும் படம் மறையவில்லை. 2007இல் ஹென்றி நோல்ட்டி என்னும் அறிஞர் வெளியிட்ட நூலின் தலைப்பிலேயே வைட்டின் பெயரோடு இவ்விருவர் பெயர்களும் இடம்பெற்றன.

மாணவ நண்பர்களே! மதிப்பெண்ணுக்காக அவசரமாகப் படம் கிறுக்குவதை விடுவோம். செடியை முதலில் கண்ணாரக் காண்போம். கண்டதை மட்டுமே வரைவோம். என் செங்காந்தள் படத்தின் ஓரத்தில் இப்போது என் பெயர் இருக்கிறது. அதன் முன்னெழுத்து என் தந்தையுடையது.