ஒருநாள் தொழிலாளி

அமெரிக்காவின் டிஸ்கவரி தொலைக்காட்சியில் 2005ஆம் ஆண்டு தொடராகத் தொடங்கிய ‘டர்ட்டி ஜாப்ஸ்’, கடும் உழைப்பையே காட்சிப்பொருளாக்கிய நிகழ்ச்சியாகும். அதன் தொகுப்பாளர் மைக் ரோவ் கழிவுநீர்ச் சுரங்கவழி, நிலக்கரிச் சுரங்கம், பண்ணை முதலிய இடங்களுக்கு நேரில் சென்றார். அங்குள்ள தொழிலாளரை ஆசானாகக் கொண்டு, தாம் மாணவராய் நின்று வேலை பழகினார். அவர் தடுமாறிய இடங்களில்தாம் தொழிலாளரின் திறன் புலப்பட்டது. எளிதாகத் தோன்றும் ஒரு கையசைவின் பின்னே பல்லாண்டுப் பயிற்சி இருப்பதைப் பார்வையாளர் உணர்ந்தனர்.

அலாஸ்காவை ஒட்டிய பெரிங் கடலில் நண்டு பிடிப்போரைக் காட்டும் ‘டெட்லியஸ்ட் கேட்ச்’ தொடருக்குப் பின்னணிக் குரல் கொடுப்பவரும் அவரே. பனி உறைந்த கப்பல்தளத்தில் ஏறத்தாழ 300 கிலோ எடையுள்ள இரும்புக் கூண்டுகளை அம்மீனவர்கள் கையாளுகின்றனர். கால் இடறினால் உயிருக்கே இடர். 2008இல் ரோவ் நிறுவிய அறக்கட்டளை, தொழிற்பயிற்சி பெற விழையும் இளைஞர்களுக்கு உதவித்தொகை வழங்கிவருகிறது.

எனினும், ஒன்றை எண்ணிப் பார்த்தல் வேண்டும். படப்பிடிப்பு முடிந்ததும் தொகுப்பாளர் விடைபெறுகிறார். தொழிலாளரோ மறுநாளும் அதே ஆழத்தில் இறங்குகிறார். ஒருநாள் துணிவைக் கைதட்டிப் பாராட்டுதல் எளிது. நாள்தோறும் இடரை ஏற்போருக்குத் தக்க ஊதியமும் பாதுகாப்பும் கிடைக்கச் செய்வதே உழைப்புக்கு நாம் அளிக்கும் மெய்யான மதிப்பாகும்.