நிலவொளி கிரகாம்

வெற்றி பெற்றோரின் வரலாற்றையே உலகம் விரும்பிப் படிக்கிறது. பரிசும் பட்டமும் பெற்றோர் பெயர்களே நூல்களில் நிறைந்து விளங்குகின்றன. ஆயினும், தாம் விரும்பிய மாளிகையின் வாயிலைக் கடந்து, ஓரடி வைத்த அளவிலேயே திரும்ப நேர்ந்தவரிடத்தும் நாம் கற்கத்தக்கது உண்டு. அமெரிக்க ஐக்கிய நாடுகளில் வாழ்ந்த ஆர்ச்சிபால்டு கிரகாம் அத்தகையவர். அவருடைய வரலாற்றை இப்பாடத்தில் காண்போம்.

கிரகாம் ஆடிய ஆட்டம் பேஸ்பால். நம் நாட்டுச் சிறுவர்க்குக் கிரிக்கெட் எத்துணை இனியதோ, அத்துணை இனியது அமெரிக்கச் சிறுவர்க்குப் பேஸ்பால். இதில் அணிக்கு ஒன்பதின்மர் ஆடுவர். எதிரணியார் எறியும் பந்தை உருண்டை மட்டையால் அடித்துவிட்டு, சதுரமாக அமைந்த நான்கு தளங்களையும் முறையே ஓடித் தொட்டு மீள்பவர் தம் அணிக்கு ஓர் ஓட்டம் சேர்ப்பார். மூவர் ஆட்டம் இழந்ததும், அடிக்கும் முறை மற்றோர் அணிக்குச் செல்லும். இவ்வாறு இரண்டு அணிகளும் ஒன்பது முறை மாறி மாறி ஆடும்.

தளங்களுக்கு அப்பால் பரந்து கிடக்கும் புல்வெளியைக் காப்போர் மூவர். இவர்களை வெளிக்கள ஆட்டக்காரர் என்பர். நெடுநேரம் இவர்களிடம் பந்தே வாராது. வருங்கால் வானளாவ எழுந்து, விரைந்து வரும். ஆதலின் இவர்களுக்குக் கால்விரைவும் கண்கூர்மையும் வேண்டும். அவற்றினும் மேலாகக் காத்திருக்கும் பொறுமை வேண்டும்.

அமெரிக்காவில் இவ்வாட்டத்தைத் தொழிலாகக் கொண்ட அணிகள் படிப்படியாக அமைந்துள்ளன. உச்சியில் இருப்பது மேஜர் லீக். அதன்கீழ்ப் பல படிகளாக அமைந்தவை மைனர் லீக்குகள். சிறு நகரங்களின் பெயர் தாங்கிய அணிகள் அவற்றில் ஆடும். அங்கு ஆடுவோர் அனைவர் உள்ளத்திலும் ஒரே வேட்கை இருக்கும். என்றேனும் ஒருநாள் மேலிருந்து அழைப்பு வரும் என்பதே அது. பலருக்கு அவ்வழைப்பு வருவதேயில்லை.

கிரகாம் வட கரோலினா மாநிலத்தில் வளர்ந்தவர். கல்வியிற் சிறந்த குடும்பம் அவருடையது. அவர்தம் இளவல் பிராங்க் போர்ட்டர் கிரகாம் பிற்காலத்தில் வட கரோலினாப் பல்கலைக்கழகத்தின் தலைவராக விளங்கினார். காசுமீரச் சிக்கலைத் தீர்க்க முயல்வதற்காக 1951-ஆம் ஆண்டில் ஐக்கிய நாடுகள் மன்றத்தால் இந்தியாவுக்கும் பாகிஸ்தானுக்கும் உரிய பிரதிநிதியாக அமர்த்தப்பட்டவரும் அவரே.

மூத்தவராகிய ஆர்ச்சிபால்டு இரண்டு கலைகளை ஒருங்கே பயின்றார். ஒன்று மருத்துவம், மற்றொன்று பேஸ்பால். 1902-ஆம் ஆண்டில் சார்லட் நகர அணியிலும், பின்னர் நியூ ஹாம்ப்சயர் மாநிலத்து அணிகளிலும் வெளிக்கள ஆட்டக்காரராக அவர் ஆடினார். ஆட்டத்தில் ஈடுபட்டபோதும் கல்வியைக் கைவிட்டாரல்லர். மேரிலாந்துப் பல்கலைக்கழகத்தில் பயின்று 1905-ஆம் ஆண்டில் மருத்துவப் பட்டம் பெற்றார். ‘நிலவொளி’ என்னும் பட்டப்பெயரும் அவருக்கு வழங்கியது. அதற்குப் பல காரணங்கள் கூறுவர்.

அதே ஆண்டில் நெடுநாள் எதிர்பார்த்த அழைப்பும் வந்தது. நியூயார்க் ஜயன்ட்ஸ் என்னும் புகழ்பெற்ற மேஜர் லீக் அணி அவரைச் சேர்த்துக்கொண்டது. அவ்வணியின் தலைமைப் பொறுப்பில் இருந்தவர் ஜான் மெக்ரா. தேர்ந்த ஆட்டக்காரர் பலர் நிறைந்த அவ்வணியில், கிரகாம் களத்தின் ஓரத்தில் அமர்ந்து தம் முறைக்காகக் காத்திருந்தார்.

1905 ஜூன் 29. புரூக்ளின் அணியை அதன் களத்திலேயே ஜயன்ட்ஸ் எதிர்த்து ஆடிய நாள். ஜயன்ட்ஸ் பெரிதும் முந்திச் சென்றுவிட்டமையால் வெற்றி உறுதியாயிற்று. எட்டாம் சுற்றின் பிற்பகுதியில் ஜார்ஜ் பிரௌன் என்பாருக்கு மாற்றாகக் கிரகாம் வலப்புற வெளிக்களத்திற்கு அனுப்பப்பட்டார். அவரிடம் ஒரு பந்தும் வரவில்லை. ஒன்பதாம் சுற்றில் ஜயன்ட்ஸ் மட்டை பிடித்தது. அடுத்து அடிக்க வேண்டியவர் கிரகாம். அந்நிலையில் அவருக்கு முன்னர் நின்றவர் அடித்த பந்து உயர எழுந்து எதிரணியார் கையில் வீழ்ந்தது. மூவரும் ஆட்டம் இழந்தனர், முறை முடிந்தது. கிரகாம் மீண்டும் வெளிக்களம் சென்று நின்றார். ஆட்டம் 11-க்கு 1 என்ற கணக்கில் வெற்றியாய் முடிந்தது.

கைக்கெட்டியது வாய்க்கெட்டவில்லை. மேஜர் லீக்கில் கிரகாம் ஆடிய ஆட்டம் அது ஒன்றே. ஒரு பந்தையேனும் அடிக்கும் வாய்ப்பு அவருக்குக் கிட்டவில்லை.

மீண்டும் அவர் மைனர் லீக்கிற்கே சென்றார். மனம் தளர்ந்து ஆட்டத்தை விட்டாரோ எனின், இல்லை. பென்சில்வேனியா மாநிலத்துச் ஸ்கிராண்டன் நகர அணியில் சேர்ந்து ஊக்கத்துடன் ஆடினார். 1906-ஆம் ஆண்டில் அந்த லீக்கிலேயே பந்தடிப்பதில் முதலிடம் பெற்றார். எனினும், மேலிருந்து மறுபடி அழைப்பு வரவில்லை. 1908-ஆம் ஆண்டோடு ஆட்டத்தொழிலிலிருந்து அவர் விலகினார்.

அதன்பின் அவர் சென்ற இடம் மினசோட்டா மாநிலத்துச் சிசம் என்னும் சிற்றூர். இரும்புச் சுரங்கங்கள் சூழ்ந்த ஊர் அது. 1908-ஆம் ஆண்டில் பெருந்தீயால் அழிந்து, மீண்டும் எழுந்துகொண்டிருந்தது. ஐரோப்பிய நாடுகள் பலவற்றிலிருந்து பிழைப்பு நாடி வந்த சுரங்கத் தொழிலாளர் அங்கு வாழ்ந்தனர். அவர்களுக்கு மருத்துவராக அமர்ந்த கிரகாம், பின்னர் அவ்வூர்ப் பள்ளிகளின் மருத்துவராகிப் பல்லாண்டு பணியாற்றினார். பார்வை குன்றிய ஏழைப் பிள்ளைகளுக்குக் கண்ணாடிகளை இலவசமாக வழங்கினார். பள்ளிப் பிள்ளைகளின் இரத்த அழுத்தத்தை ஆண்டுதோறும் அளந்து குறித்துவந்தார். அக்குறிப்புகளைக் கொண்டு, பிற அறிஞருடன் கூடி அவர் எழுதிய ஆய்வுக் கட்டுரை 1945-ஆம் ஆண்டில் மருத்துவ இதழில் வெளிவந்தது. 1965 ஆகஸ்டு 25 அன்று அவ்வூரிலேயே அவர் காலமானார்.

பேஸ்பால் ஆட்டக்காரர் பெயர்களைத் தொகுத்த பெருநூலில் கிரகாமுக்கு உரியது ஒரே வரி. ஆடிய ஆட்டம் ஒன்று; அடித்த பந்து ஒன்றுமில்லை. டபிள்யூ. பி. கின்செல்லா என்னும் எழுத்தாளர் அவ்வரியைக் கண்டு வியந்து, 1982-ஆம் ஆண்டில் வெளியிட்ட தம் புதினத்தில் அவரையும் ஒரு மாந்தராக அமைத்தார். 1989-ஆம் ஆண்டில் அக்கதை திரைப்படமாயிற்று. திரைக்கதை அவ்வாட்டத்தை 1922-ஆம் ஆண்டில் நிகழ்ந்ததாக மாற்றிக் காட்டுகிறது. உண்மையில் அது 1905-ஆம் ஆண்டு நிகழ்ச்சியே.

மாணவர்களே! அந்த ஒரு வரியை மட்டும் படிப்போர் கிரகாமைத் தோற்றவர் என எண்ணக்கூடும். ஆனால், சிசம் ஊரில் அவர் தந்த கண்ணாடியால் கரும்பலகையைத் தெளிவாகக் கண்ட பிள்ளைகள் அவ்வாறு எண்ணியிருப்பரோ? வெளிக்களத்தில் நிற்பவரிடம் பந்து வாராமலே ஆட்டம் முடிந்துவிடுவதும் உண்டு. அது அவர் குற்றமன்று. பந்து வரினும் வாராவிடினும் விழிப்புடன் நிற்பதே அவர் கடமை. கிரகாம் களத்திலும் அவ்வாறு நின்றார்; வாழ்விலும் அவ்வாறே நின்றார். மட்டை பிடிக்கும் முறை வாராதுபோன அம்மனிதரை நாடி, ஊர்ப் பிள்ளைகள் பல்லாண்டு வந்தனர். அவர்களுள் ஒருவரையும் அவர் கைந்நழுவ விட்டாரல்லர்.