கைநாட்டு மெஷினை நாமே கம்ப்யூட்டரில் பொருத்துவோம்



கூட்டமைப்புக் கூட்டத்தில் ஒரு அம்மா எழுந்து கேட்டார்: "அறிவொளியில உக்காந்து கையெழுத்துப் போடக் கத்துக்கிட்டோம். இப்ப மறுபடியும் பெருவிரலை வைக்கச் சொல்றீங்களே, இது என்ன நியாயம்?" எல்லோரும் சிரித்தோம். ஆனால் யோசிக்க வேண்டிய கேள்விதான்.

1991-92இல் ஷீலா ராணி சுங்கத் கலெக்டராக இருந்தபோது நம் புதுக்கோட்டை மாவட்டத்தில் அறிவொளி இயக்கம் நடந்தது. பெண்கள் எழுத்துப் படித்தார்கள், சைக்கிள் ஓட்டினார்கள், 'கைநாட்டு' என்ற பேரை அழித்தார்கள். அன்றைய கைநாட்டு, என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாத காகிதத்தில் வைத்தது. இன்றைய விரல் பதிவு நம் வங்கிக் கணக்கைத் திறக்கும் சாவி. சாவி நம்முடையது என்றால் பூட்டைப் பற்றியும் நமக்குத் தெரிய வேண்டாமா? அதுதான் இந்த மாதப் பாடம்.

டிரைவர் என்றால் என்ன?

டிரைவர் என்றதும் பஸ் ஓட்டுபவர் ஞாபகம் வரும். இது வேறு. விரல் பதிவு மெஷின் பேசும் பாஷை கம்ப்யூட்டருக்குத் தெரியாது. நடுவில் நின்று இரண்டுக்கும் எடுத்துச் சொல்லும் சிறிய புரோகிராம்தான் டிரைவர். அது இல்லாமல் மெஷினைச் செருகினால் கம்ப்யூட்டர் கண்டுகொள்ளாது.

ஆதார் வேலைக்கு 'ஆர்.டி. சர்வீஸ்' என்ற இன்னொரு புரோகிராமும் வேண்டும். நம் விரல் ரேகையை யாரும் வழியில் படிக்க முடியாதபடி பூட்டி அனுப்புவதற்கான ஏற்பாடு இது. டிரைவர் இருந்து ஆர்.டி. சர்வீஸ் இல்லாவிட்டால், மெஷினில் விளக்கு எரியும், ஆனால் பணம் எடுக்க முடியாது.

வங்கி முகவராக வேலை பார்க்கும் நம் சகோதரி ஒருவர் இது தெரியாமல் மூன்று நாள் திண்டாடினார். பென்ஷன் எடுக்க வெயிலில் நடந்து வந்த வயதானவர்கள் வெறுங்கையோடு திரும்பினார்கள். மெஷினில் ஒரு கோளாறும் இல்லை.

பொருத்தும் முறை

1. மெஷினின் அடியில் உள்ள கம்பெனி பெயர், மாடல், சீரியல் நம்பரை நோட்டில் எழுதுங்கள். புதிதாக வாங்குவதாக இருந்தால் 'எல்-1' வகைதானா என்று கேட்டு வாங்குங்கள். அதில் ரேகை மெஷினுக்குள்ளேயே பூட்டப்பட்டுவிடும்.

2. கம்ப்யூட்டரில் தேதியும் நேரமும் சரியாக இருக்கிறதா என்று பாருங்கள். பழைய கம்ப்யூட்டரில் பேட்டரி தீர்ந்து தேதி பின்னால் போயிருக்கும். தேதி தப்பாக இருந்தால் ஆதார் சர்வர் ஏற்காது.

3. மெஷினை இன்னும் செருக வேண்டாம். அந்தக் கம்பெனியின் சொந்த இணையதளத்திலிருந்து உங்கள் மாடலுக்கான டிரைவரையும் ஆர்.டி. சர்வீஸையும் இறக்குங்கள்.

4. முதலில் டிரைவர் ஃபைலின் மேல் ரைட் கிளிக் செய்து 'ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்' கொடுங்கள். முடிந்ததும் ஆர்.டி. சர்வீஸையும் அதேபோலப் போடுங்கள். பிறகு கம்ப்யூட்டரை ஒருமுறை அணைத்துப் போடுங்கள்.

5. இப்போது இணைய இணைப்போடு மெஷினைச் செருகி, சற்றுப் பொறுங்கள். 'ரெடி' என்று செய்தி வந்தால் வேலை முடிந்தது.

வராவிட்டால்?

ஸ்டார்ட் பட்டனில் ரைட் கிளிக் செய்து 'டிவைஸ் மேனேஜர்' திறங்கள். மெஷின் பெயருக்குப் பக்கத்தில் மஞ்சள் முக்கோணம் இருந்தால் டிரைவர் சரியாக உட்காரவில்லை. எடுத்துவிட்டு மறுபடி போடுங்கள். பெயரே காணோம் என்றால் வயரையும் யு.எஸ்.பி. துளையையும் மாற்றிப் பாருங்கள். 'பதிவு செய்யப்படவில்லை' என்று வந்தால் ஆர்.டி. சர்வீஸின் சந்தா முடிந்திருக்கலாம். சீரியல் நம்பரைச் சொல்லி கம்பெனியில் கேளுங்கள்.

விரல் பதியவில்லையா?

கல் உடைத்த கை, மண்வெட்டி பிடித்த கை, ஆதனக்கோட்டைப் பக்கம் முந்திரி உடைக்கும் கை. முந்திரித் தோட்டில் உள்ள எண்ணெய் தோலையே அரித்துவிடும். ரேகை தேய்ந்தது நம் குற்றமில்லை, உழைப்பின் அடையாளம். கையைக் கழுவித் துடைத்து, வேறு விரல்களையும் வைத்துப் பாருங்கள். மெஷின் கண்ணாடியை உலர்ந்த மெல்லிய துணியால் துடையுங்கள். எதுவும் பதியாவிட்டால் ஆதார் மையத்தில் ரேகையைப் புதுப்பிக்கலாம். "உனக்கு ரேகையே இல்லை, போ" என்று யாரையும் அனுப்பிவிடக் கூடாது.

எச்சரிக்கை

* வாட்ஸ்அப்பில் வரும் லிங்க்கிலிருந்து டிரைவர் போடாதீர்கள். "நானே சரி பண்றேன், இந்த ஆப்பைப் போடுங்க" என்று முன்பின் தெரியாதவர் போனில் சொன்னால் வைத்துவிடுங்கள். அந்த ஆப் வழியாக உங்கள் கம்ப்யூட்டர் முழுவதும் அவர் கைக்குப் போய்விடும்.
* "பதியலை, இன்னொரு தடவை வைங்க" என்றால் உடனே வைக்காதீர்கள். திரையில் எவ்வளவு தொகை, என்ன வேலை என்று கேளுங்கள். போனுக்கு வங்கிச் செய்தி வந்திருக்கிறதா என்று பாருங்கள். சீட்டு வாங்காமல் எழுந்திருக்காதீர்கள்.
* ஆதார் இணையதளத்தில் நம் ரேகையைப் பூட்டி வைக்கலாம். தேவைப்படும்போது திறந்துகொள்ளலாம். விவரத்துக்கு 1947. பணம் பறிபோனால் தாமதிக்காமல் 1930.

குழுக் கூட்டத்தில் பேசுங்கள்

1. கடைசியாக விரல் வைத்தபோது எதற்காக என்று கேட்டோமா? சீட்டு வாங்கினோமா?
2. ரேகை பதியாமல் திரும்பிய உறுப்பினர் நம் குழுவில் யார்? ஆதார் மையத்துக்கு அவரை யார் கூட்டிப் போவது?
3. மெஷின் பொருத்தும் முறையை நம் குழுவில் எந்த இரண்டு பேர் கற்றுக்கொள்வது?

சைக்கிள் கற்றபோது முதலில் விழுந்தோம், பிறகு ஓட்டினோம். இதுவும் அப்படித்தான். கேட்காமல் விரல் வைத்தால் அது பழைய கைநாட்டு. கேட்டு, பார்த்து, சீட்டு வாங்கி வைத்தால் அதுவும் நம் கையெழுத்துதான்.