சுட்ட கிழங்கும் ஆப்பிளும்

கிழங்கோடு இனிப்புச் சேருமோ என ஐயுறுவோர் பலர். ஜெர்மனியின் ரைன் நாட்டார் உருளைக்கிழங்கையும் ஆப்பிளையும் மசித்துச் சேர்த்து, 'வானும் மண்ணும்' என வழங்குவர். மரக்கனி வான், நிலக்கிழங்கு மண். அவ்விணைப்பைச் சுட்ட கிழங்கின்மேல் அமைக்குமாறு ஈண்டுக் கூறுவாம்.

மாவுப்பாங்கான பெருங்கிழங்கே ஏற்றது. கழுவித் துடைத்து, முட்கரண்டியாற் குத்தி, ரொட்டி சுடும் அடுப்பில் 200 பாகை சென்டிகிரேடு வெப்பத்தில் ஒரு மணிநேரம் சுடுக. உலோகத்தாளிற் பொதிவாரும் உளர். பொதிந்தால் ஆவி வெளியேறாது. அது சுட்டதன்று, அவித்ததே! வெந்தவுடன் கீறுக, தாழ்த்தால் உள்நின்ற ஆவி நீராகி மாவைக் களியாக்கும்.

இதற்கிடையே வெங்காயத்தை வெண்ணெயில் வதக்குக. மெல்லிய தீயில் நெடுநேரம் வதங்கினாலன்றி அதன் காரம் மாறி இனிமை தோன்றாது. புளிப்பு ஆப்பிளை நறுக்கியிட்டு, உப்பும் மிளகும் சிறிது சர்க்கரையும் தூவி, குழையுமுன் இறக்குக. கிழங்கின் பிளவில் முதலிற் பாலாடைக்கட்டித் துருவலையும், அதன்மேல் இக்கலவையையும் சூடாறாமுன் இடுக.