கத்தரியில் குருத்தும் காயும் துளைக்கும் புழு

கத்தரிச் செய்கையில் கமக்காரருக்குப் பெருநட்டம் விளைவிப்பது குருத்தையும் காயையும் துளைக்கும் புழுவேயாகும். வெண்ணிறச் சிறகுகளிற் கபில நிறப் புள்ளிகளையுடைய சிறிய அந்துப்பூச்சி இரவில் இலையின் கீழ்ப்புறத்திலும் அரும்பிலும் முட்டையிடும். 3 முதல் 6 நாட்களில் வெளிவரும் புழு விரைவில் உட்புகுந்து, நுழைந்த துவாரத்தைத் தன் எச்சத்தால் அடைத்துக்கொள்ளும். அதன்பின் தெளிக்கும் மருந்து அதனைத் தீண்டாது. இதனை அறியாது காய் பழுதடைந்தபின் மருந்தடிப்போர் பணத்தை இழப்பதுடன், உண்பவர் கலத்திலும் நஞ்சிடுகின்றனர். புழுவை அழிக்கும் சிறு குளவிகளும் மடிகின்றன.

தண்ணீர்க் குறைவால் வாடிய குருத்து மறுநாட் காலையில் நிமிரும். புழு புகுந்தது நிமிராது. அத்தகைய குருத்தை வாடிய பாகத்துக்கு ஓர் அங்குலம் கீழே வெட்டி, அன்றே எரித்தல் வேண்டும். கிழமைக்கொருமுறையேனும் தோட்டம் முழுவதையும் இவ்வாறு பார்த்தல் அவசியம். பக்கக் கிளைகள் தழைக்குமாதலின் வெட்டுவதற்கு அஞ்சவேண்டியதில்லை.

துளையுள்ள காய்களை வரப்பில் எறிதல் கூடாது. புழு வெளியேறிச் சருகினுட் கூட்டுப்புழுவாகி, ஏறக்குறையப் பத்து நாளில் அந்துப்பூச்சியாய்ப் பறக்கும். அவற்றை ஆழப் புதைத்தல் நன்று. ஓய்ந்த செடிகளை விறகுக்கென வேலியோரம் அடுக்கிவைக்கும் வழக்கமும், அயலவர் தோட்டத்திலேயாயினும், புது நாற்றுக்குக் கேடு விளைப்பதாகும்.