பூசான் நகரத்துப் பந்தாட்ட அணி

கொரியத் தீபகற்பத்தின் தென்கிழக்குக் கோடியில், மலைகளுக்கும் கடலுக்கும் இடையே நெருக்குண்டு கிடப்பது பூசான் நகரம். தென் கொரிய நாட்டு நகரங்களுள் தலைநகராகிய சியோலுக்கு அடுத்த நிலையில் வைத்து எண்ணப்படுவது இதுவே. அந்நாட்டின் தலையாய துறைமுகமும் இதுவே. 1950-இல் மூண்ட கொரியப் போரில் சியோல் பகைவர் கைப்பட்டபோது, அரசு தன் இருக்கையை இந்நகருக்கு மாற்றிக்கொண்டது. ஊரும் வீடும் இழந்து ஓடிவந்த மக்கள் இதன் மலைச்சரிவுகளில் குடிசை அமைத்து வாழ்ந்தனர். இந்நகரிலுள்ள குதோக் என்னும் பழைய விளையாட்டரங்கில் ஆடிப் புகழ் வளர்த்த கால்பந்து அணியொன்றன் வரலாற்றை இப்பாடத்திற் காண்போம். ஆசியக் கண்டத்து அணிகளையெல்லாம் வென்று கோப்பை கொண்ட அணி அது. பிற்காலத்தில் இரண்டாம் பிரிவிற்கு இறங்கி, மேலேறும் வாயிலை அடைந்தும் அடையாமலும் பல்லாண்டு நின்ற அணியும் அதுவே.

இவ்வணி ஊரார் ஒன்றுகூடி அமைத்ததன்று. 1979-இல் சேஹான் என்னும் மோட்டார் வண்டி நிறுவனத்தின் அணியாக இது தோன்றியது. அந்நிறுவனம் டேவூ என்னும் பெருங்குழுமத்தின் உடைமையாகிப் பெயர் மாற்றம் பெற்றபோது, அணியும் டேவூ எனப் பெயர் பெற்றது. இங்கிலாந்து நாட்டில் தேவாலயங்கள், பள்ளிகள், தொழிற்சாலைகள் ஆகியவற்றைச் சார்ந்த இளைஞர்கள் அமைத்த அணிகள் தத்தம் ஊர்ப்பெயரைத் தாங்கி வளர்ந்தன. கொரியாவிலோ நிறுவனத்தின் பெயரே முன்னே வந்தது. ஊர்ப்பெயர் பின்னரே வந்து சேர்ந்தது. இவ்வேற்றுமையை மாணவர் மனத்திற் கொள்ளுதல் வேண்டும். பின்னே நிகழ்ந்தன பலவற்றிற்கும் இதுவே வேர்.

கொரியாவில் தொழில்முறைக் கால்பந்து லீக் தோன்றியது 1983-இல். அதற்கு முந்திய ஆண்டில் பேஸ்பால் லீக் தொடங்கப்பெற்றிருந்தது. அந்நாளில் நாட்டை ஆண்ட படைத்தலைவர்கள், மக்களின் உள்ளத்தை விளையாட்டின்பால் திருப்ப விரும்பினர். அவர்தம் விருப்பத்திற்குப் பெருநிறுவனங்கள் செவிசாய்த்தன. முதலாண்டில் ஆடிய அணிகள் ஐந்தே. அவற்றுள் அல்லேலூயா, யூகோங் என்னும் இரண்டும் தொழில்முறை அணிகள். டேவூ, போஸ்கோ இரும்பாலை, குக்மின் வங்கி ஆகியவற்றின் அணிகள் தொழில்முறை சாராதவை. அல்லேலூயா முதலிடமும் டேவூ இரண்டாமிடமும் பெற்றன. அடுத்த ஆண்டிலேயே டேவூ தொழில்முறை அணியாகி, 'டேவூ ராயல்ஸ்' என்னும் பெயருடன் வாகை சூடியது.

ஒரு நிறுவனம் பந்தாட்ட அணியை ஏன் வைத்துப் பேண வேண்டும்? நுழைவுச் சீட்டு விற்று வரும் பணம் ஆட்டக்காரரின் ஊதியத்திற்கே போதாது. குறைவதை ஆண்டுதோறும் நிறுவனமே இட்டு நிரப்புகிறது. அதற்கு ஈடாக அது பெறுவது பெயர் ஒன்றே. வெற்றி பெற்ற அணியின் மார்பில் தன் பெயரை நாடு காண்கிறது என்பதே அதன் ஊதியம். இதனை முற்றும் கொடை என்றும் சொல்லவியலாது. வாணிகம் என்றும் கணக்கெழுதவியலாது. புலவரைப் புரந்த வள்ளல்களும் தம் பெயர் நிற்பதை விரும்பினர் அல்லரோ என்று சிலர் கேட்கலாம். ஒப்புமை ஓரளவு பொருந்தும். ஆயினும், வள்ளல் மாய்ந்தால் புலவன் வேறு வாயிலுக்குச் செல்வான். ஊரோடு வேரூன்றிய அணி எங்கே செல்லும்?

டேவூ ராயல்ஸின் பொற்காலம் நீண்டதொன்று. 1984, 1987, 1991, 1997 என நான்கு முறை அது கொரிய லீக்கில் முதலிடம் பெற்றது. 1986-இன் தொடக்கத்தில் சவூதி அரேபியாவின் ஜெட்டா நகரில், அந்நகரத்து அல்-அஹ்லி அணியை 3–1 என்னும் கணக்கில் வென்று, ஆசியக் கழகங்களுக்குரிய பட்டத்தைக் கைக்கொண்டது. அப்பட்டம் பெற்ற முதற் கொரிய அணி இதுவே. 1987-இல் இவ்வணியிற் சேர்ந்த கிம் ஜூ-சோங் என்பார், தோளில் புரளும் நீண்ட கூந்தலால், விவிலியத்து வீரனாகிய சாம்சனின் பெயராலேயே அழைக்கப்பெற்றார். 1989 முதல் 1991 வரை தொடர்ந்து மூன்றாண்டுகள் ஆசியாவின் சிறந்த ஆட்டக்காரர் எனத் தேர்ந்தெடுக்கப்பெற்ற அவர், செர்மனியில் ஆடிய சிலகாலம் நீங்கலாக, 1999-இல் ஓய்வு பெறும்வரை பூசானை விட்டு நீங்கவில்லை. அவர் அணிந்த 16-ஆம் எண் பின்னர் எவர்க்கும் வழங்கப்படாது அவர் பெயராலேயே நிறுத்தப்பெற்றது. அவர் விடைபெறும் காலத்தில் ஆன் ஜுங்-ஹ்வான் என்னும் இளைஞர் புகழெய்தினார். 1999-இல் பூசான் இரண்டாமிடமே பெற்றது. எனினும், பெரும்பாலும் வாகை சூடிய அணியினர்க்கே செல்லும் சிறந்த ஆட்டக்காரர் விருது, அவ்வாண்டில் அவரைத் தேடி வந்தது. 2002 உலகக் கோப்பையில் இத்தாலியை வீழ்த்திய கோலை அடித்தவர் இவரே.

டேவூ என்னும் சொல்லுக்குப் பேரண்டம் என்பது பொருள். 1967-இல் கிம் ஊ-சூங் என்பார் ஆடை வாணிகமாகத் தொடங்கிய அந்நிறுவனம், கப்பல், மோட்டார் வண்டி, மின்கருவி எனப் பரந்து, கொரியாவின் மிகப் பெரிய குழுமங்களுள் ஒன்றாயிற்று. பரந்ததெல்லாம் கடன் பெற்றுப் பரந்ததே. 1997-இல் ஆசிய நாடுகளைப் பொருள் நெருக்கடி வாட்டியது. அவ்வாண்டில் டேவூ அணி களத்தில் வாகை சூடிக் களித்தது. அதனைப் புரந்த குழுமமோ கடன்சுமையால் உள்ளே நைந்துகொண்டிருந்தது. 1999-இல் பேரண்டம் சிதறியது. தொழிற்சாலைகள் ஒவ்வொன்றாக விலைபோயின. பந்தாட்ட அணியும் விற்றற்குரிய உடைமைகளுள் ஒன்றாக நின்றது.

2000-இல் அதனை ஏற்றது ஹூண்டாய் வளர்ச்சி நிறுவனம். ஹூண்டாய் என்பதற்குத் 'தற்காலம்' என்று பொருள். இப்பெயர் நமக்குப் புதிதன்று; சென்னையை அடுத்த இருங்காட்டுக்கோட்டையில் கார் செய்யும் நிறுவனமும் ஹூண்டாய் என்னும் அப்பழைய பெருங்குடும்பத்தின் ஒரு கிளையே. குடும்பத்தில் பாகப்பிரிவினை நேர்ந்தபோது, 1999-இல், மோட்டார் நிறுவனம் மூத்தவர் வழியினருக்குச் செல்ல, அதுகாறும் அதனை நடத்திய தம்பியும் அவர் மைந்தர் சுங் மோங்-க்யூவும் கட்டட நிறுவனத்தைப் பெற்றனர். 'ஐபார்க்' என்பது அந்நிறுவனம் கட்டி விற்கும் அடுக்குமாடி வீடுகளின் பெயர். அணிக்கு முதலில் 'ஐகான்ஸ்' என்று பெயரிட்டனர். 2005 முதல் 'ஐபார்க்' என வழங்கினர். நீல நிறத்திற் பழகிய கண்கள் சிவப்பு உடையைக் காண நேர்ந்தது. பெயர் மாறியது, நிறமும் மாறியது. நான்கு வெற்றிகளின் பெருமை மட்டும் பழைய பெயரோடே தங்கிவிட்டது. வீடு விற்போர் தம் சரக்கின் பெயரை அணிக்கு இட்டதில் சட்டப்படி குற்றம் ஏதுமில்லை. ஆயினும், தந்தை பாடிய பெயரை மைந்தன் பாடவியலாது போவது சிறிய இழப்பன்று என்பதே என் கருத்து.

புதிய உரிமையாளரின் கீழ் 2004-இல் கொரிய எஃப்.ஏ. கோப்பையை அணி வென்றது. ஆசிய விளையாட்டு விழாவிற்கெனக் கட்டப்பெற்ற பேரரங்கிற்கு அது குடிபெயர்ந்தும் பார்த்தது. 2002 ஜூன் 4-இல் தென் கொரியா போலந்தை 2–0 என வென்று, உலகக் கோப்பையில் தன் முதல் வெற்றியைப் பெற்றது அவ்வரங்கில்தான். ஆனால் ஐம்பதினாயிரம் பேர் அமரும் அரங்கில் சில ஆயிரவர் அமர்ந்தால், ஆரவாரமும் வெறுமையாகவே ஒலிக்கும். ஓட்டப்பாதை ஒன்று இடையே கிடந்து, காண்போரைக் களத்தினின்றும் பிரித்தது. அணி மீண்டும் குதோக்கிற்கே வந்து சேர்ந்தது.

இதற்கிடையே லீக்கின் அமைப்பு மாறியது. அதுவரை கடைசியிடம் பெற்ற அணிக்கும் தண்டனை இல்லை. அடுத்த ஆண்டும் அதே பிரிவில் ஆடும். 2013-இல் இரண்டாம் பிரிவு தோற்றுவிக்கப்பெற்றது. மேற்பிரிவிற் கடையான அணி கீழிறங்கும்; கீழ்ப்பிரிவில் முதலாவது மேலேறும்; மேற்பிரிவில் கடைக்கு முந்தியதாக நின்ற அணி, கீழிருந்து தேர்ந்து வரும் அணியோடு இருமுறை பொருதித் தன் இடத்தைக் காத்துக்கொள்ள வேண்டும். இம்முறை வகுக்கப்பெற்றபோது லீக்கின் தலைவராய் இருந்தவர் யாவர் எனில், பூசான் அணியின் உரிமையாளராகிய சுங் மோங்-க்யூவே. முதற் சில ஆண்டுகளில் இறங்கியவை நகராட்சியும் மாகாணமும் நடத்திய அணிகளும் படைவீரர் அணியுமே. பெருநிறுவன அணிகளுக்கு அந்நிலை நேராது என்றே பலரும் எண்ணினர். 2015-இல் பூசான், சுவோன் நகராட்சியின் சிறிய அணியாகிய சுவோன் எஃப்.சி.யோடு பொருதது, முதலாட்டத்தில் 0–1, தன்னூரில் 0–2 எனத் தோற்றது. இவ்வாறு, கீழிறங்கிய முதல் நிறுவன அணி, விதி வகுத்த தலைவரின் அணியாகவே அமைந்தது.

இறங்கியபின் நேர்ந்தவற்றுள் 2017-ஆம் ஆண்டின் நிகழ்ச்சி நெஞ்சை உருக்குவது. அவ்வாண்டில் சோ ஜின்-ஹோ என்பார் பயிற்றாசிரியராக வந்து, அணியை இரண்டாமிடத்திற்கு உயர்த்தினார். அக்டோபர் 10-ஆம் நாள் மாரடைப்பால் திடீரென உயிர் நீத்தார். அவருக்கு வயது 44. பயிற்றாசிரியரின்றி நின்ற ஆட்டக்காரர், எஃப்.ஏ. கோப்பை அரையிறுதியில் மேற்பிரிவைச் சேர்ந்த சுவோன் சாம்சங் அணியைப் பெனால்டி உதைகளில் வென்றனர். இறுதியாட்டத்தில் உல்சான் அணியிடம் கோப்பையை இழந்தனர். மேலேறும் போட்டியில் சாங்ஜூ அணியை எதிர்த்தனர். கொரிய இளைஞர் படைப்பணி ஆற்றுதல் கட்டாயமாதலின், பணியிலிருக்கும் ஆட்டக்காரரைக் கொண்டு அமைந்தது சாங்ஜூ அணி. முதலாட்டத்தில் 0–1, இரண்டாம் ஆட்டத்தில் 1–0; ஈடு சமமாயிற்று. பெனால்டி உதைகளில் 4–5 எனத் தோற்றனர். ஓர் உதையால் ஓராண்டு உழைப்பு வீணாயிற்று. 2018-இலும் அவ்வாயிலில் எஃப்.சி. சியோல் அணியிடம் தோற்றுத் திரும்பினர்.

2019-இல் அணியின் பொறுப்பை ஏற்றவர் சோ தோக்-ஜே. இவர் 2015-இல் சுவோன் எஃப்.சி.க்குப் பயிற்சியளித்துப் பூசானைக் கீழிறக்கியவர்! தள்ளியவரையே தூக்கிவிட அழைத்த உரிமையாளரின் துணிவு பாராட்டத்தக்கது. கியோங்னாம் அணியோடு தன்னூரில் 0–0, அவ்வூரில் 2–0 எனப் பொருது, நான்காண்டுகளின் பின் அணி மேலேறியது. ஆனால் மேற்பிரிவில் அது தங்கியது ஓராண்டே. 2020-இல் பன்னிரண்டு அணிகளுள் கடையாகி மீண்டும் இறங்கியது.

2023 நவம்பர் 26-இல், இரண்டாம் பிரிவின் கடைசி ஆட்டம். வென்றால் முதலிடமும் நேரான மேலேற்றமும் உறுதி. சுங்புக் சொங்ஜூ அணிக்கெதிராகப் பூசான் 1–0 என முன்னின்றது. ஆட்ட நேரமும் முடிந்தது. நடுவர் கூட்டித் தந்த சில நிமிடங்களில் ஒரு கோல் விழுந்தது. கிம்சொன் அணி 71 புள்ளிகளோடு மேலே சென்றது; பூசான் 70 புள்ளிகளோடு நின்றது. எஞ்சிய வழியில் எதிரே நின்றதோ மீண்டும் அதே சுவோன் எஃப்.சி. முதலாட்டத்தில் 2–1 என வென்ற பூசான், இரண்டாம் ஆட்டத்திலும் முதலில் கோலடித்தது. பின்னர்க் கூடுதல் நேரம்வரை சென்று 2–5 எனத் தோற்றது.

அவ்வாண்டின் இறுதியில் மற்றொரு நிறுவனப் பேரணியும் கீழிறங்கியது. நான்கு முறை கொரிய வாகையும் இருமுறை ஆசிய வாகையும் சூடிய சுவோன் சாம்சங்தான் அது. போஸ்கோ இரும்பாலையின் ஜொன்னாம் அணி 2018-இலேயே இறங்கியிருந்தது. எனினும், இரண்டாம் பிரிவில் இருந்துகொண்டே 2021-இல் எஃப்.ஏ. கோப்பையை வென்றது. 2024-இல் பூசான் ஐந்தாம் இடம் பெற்று, நான்காம் இடத்து ஜொன்னாமோடு பொருதது. சமமாக முடிந்தால் மேலிடம் பெற்றவரே முன்செல்வர் என்பது விதி. ஒரு கோலும் விழவில்லை, ஜொன்னாம் முன்சென்றது. 2025-ஆம் ஆண்டிலும் பூசான் இரண்டாம் பிரிவிலேயே ஆடியது.